ஏழு பால் கோடுகள்

எனக்கு எழுபத்து நான்கு வயது முடிந்துவிட்டது. பெற்றது நான்கு, வளர்த்தது ஆறு. என் வீட்டுக்காரரின் தங்கை போய்ச் சேர்ந்தபோது அவள் பிள்ளைகள் இரண்டையும் கூட்டி வந்து, என் நான்கோடு வரிசையாக உட்கார வைத்து, ஒரே சட்டியில் பிசைந்து உருட்டிக் கொடுத்தேன். இன்றைக்கு அந்த ஆறு பேரில் யார் வயிற்று வழியாக வந்தது, யார் வாசல் வழியாக வந்தது என்று கேட்டால் நானே கொஞ்சம் நிதானித்துத்தான் சொல்ல வேண்டும். ஒருவன் சுபாங் ஜெயாவில் வீடு வாங்கியிருக்கிறான். ஒருத்தி காப்பாரில் டீச்சர். இதையெல்லாம் பெருமைக்குத்தான் சொல்கிறேன். பெருமையான விஷயத்தை அடக்கமாகச் சொல்ல எனக்கு வராது.

நான் படித்தது பந்திங் பக்கம் ஒரு தோட்டத்துத் தமிழ்ப் பள்ளியில், மூன்றாம் வகுப்பு வரை. எழுத்துக் கூட்டி வாசிப்பேன். எழுத உட்கார்ந்தால் வரி ஒன்று மேலே ஏறும், அடுத்தது கீழே இறங்கும். அதனால் நான் சொல்லச் சொல்ல என் பேத்தி எழுதுகிறாள். சொல்லப் போவது ஒரு கார்ட்டூன் படத்தைப் பற்றியும் அதை எடுத்த மிஸ்ஸைப் பற்றியும். ஐந்து நிமிடப் படம்தான். அதில் எனக்கு வேண்டிய இடம் எட்டு எண்ணுவதற்குள் போய்விடும்.

ஆறும் கரையேறிய பிறகு, வீட்டுக்காரரும் போன பிறகு, கிள்ளானில் கடைசி மகள் வீட்டில் இருந்தேன். வேளைக்குச் சோறு, சாய்ந்துகொள்ள ஒரு நாற்காலி, எதிரே டிவி. மூன்று மாதத்தில் என் முழங்கால் என் பேச்சைக் கேட்பதை நிறுத்திவிட்டது. அப்போது பக்கத்து வீட்டுப் பெண், பிரிக்பீல்ட்ஸில் ஓர் ஆபீசில் கூட்டித் துடைத்து டீ போட ஆள் தேடுகிறார்கள், காலை பத்து மணியிலிருந்து நாலு மணி வரைதான் வேலை என்றாள். நான் போகிறேன் என்றதும் ஆறு பிள்ளைகளும் ஆளுக்கொரு போன் போட்டார்கள்.

"இந்த வயசுல என்னம்மா வேலை? நாங்க இருக்கோம்ல?" என்றான் பெரியவன்.

"நீங்க இருக்கீங்கடா. நானும் இருக்கணும்ல," என்றேன். மறுநாள் காலை கோமுட்டர் ரயிலில் ஏறிவிட்டேன்.

அந்த ஆபீஸ் ஒரு பூக்கடைக்கு மேலே, மாடியில் இருந்தது. படியேறும்போது மல்லிகை வாசனையும் கூடவே ஏறி வரும். கதவைத் திறந்தால் உள்ளே ஏர்கோன் குளிர், மூடிய திரை, நான்கு கம்ப்யூட்டர். முதல் நாள் நான் கதவைத் தள்ளியபோது, நாற்பது வயது மதிக்கத்தக்க ஒரு பெண், குட்டை முடி, வெறுங்கால், தரையில் நான்கு காலில் ஊர்ந்துகொண்டிருந்தார். கழுத்தை மெதுவாகத் திருப்பி என்னைப் பார்த்து உறுமினார். அவருக்கு முன்னால் ஒரு சீனர் மண்டியிட்டு அதைக் கைப்பேசியில் படம் பிடித்துக்கொண்டிருந்தார். நான் படியிறங்கிப் போய்விடலாமா என்று நினைத்தேன்.

"பயப்பிடாதேங்கோ ஆன்டி," என்றார் அந்தப் பெண், தரையிலிருந்தபடியே. "புலி எப்பிடித் திரும்பும் எண்டு பாக்கிறம். நீங்கள் இருங்கோ. ரெண்டு நிமிஷம் நான் புலி, பிறகு ஆபீஸ் காட்டிறன்."

அவர்தான் மிஸ். அந்தப் பேச்சைக் கேட்டதுமே சிலோன்காரர் என்று தெரிந்துவிட்டது. எனக்குள் ஒரு சின்னச் சுருக்கம் விழுந்ததை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். நான் பிறந்து வளர்ந்த தோட்டத்தில் சிலோன் தமிழர் என்றால் கிராணிமார். ஆபீஸ் வேலை, வெள்ளைச் சட்டை, மேட்டில் தனி வீடு. காலையில் பெரட்டுக்கு நாங்கள் வரிசையில் நிற்கும்போது பெயர் கூப்பிடுவது அவர்கள், "இருக்கேன்யா" என்று சொல்வது நாங்கள். அவர்கள் எதிரே நாங்கள் உட்கார்ந்ததில்லை. அதனால் முதலில் நான் இவரை "அம்மா" என்று கூப்பிட்டுப் பார்த்தேன். "ஐயோ வேண்டாம், நான் உங்களவிட எவ்வளவு சின்னன்," என்றார். பேர் சொல்லிக் கூப்பிடச் சொன்னார். அது என் வாயில் வரவில்லை. கடைசியில் பள்ளிக்கூடத்து டீச்சரைக் கூப்பிடுவது போல "மிஸ்" என்றேன். அதுவே நிலைத்துவிட்டது.

மிஸ்ஸுக்கு எதற்கும் முடியாது என்று சொல்லத் தெரியாது. யார் எதைக் கேட்டாலும் "கேன் லா" என்பார், பிறகுதான் எப்படி என்று யோசிப்பார். கறிபாப் வாங்கி வந்தால் அதன் ஓரத்தில் முறுக்கிய மாவை மட்டும் சுற்றிச் சுற்றிக் கடித்துத் தின்றுவிட்டு, நடுவை யாராவது சாப்பிடுகிறீர்களா என்று சுற்றி வருவார். நான் துடைத்த ஈரத் தரையில் வேண்டுமென்றே கால் வைத்து, அந்தக் கால் தடத்தைப் பார்த்து ஏதாவது வரைவார். நான் திட்டுவேன். அவர் துடைப்பத்தை என் கையிலிருந்து வாங்கித் தானே துடைப்பார். அவர் துடைத்த இடத்தை நான் மறுபடி துடைக்க வேண்டியிருக்கும்.

சுதந்திர மாதத்துக்கு ஒரு படம் செய்து தரும்படி ஓர் அலுவலகம் அவரிடம் கேட்டிருந்தது. நாட்டின் அடையாளங்களும் வரலாறும் அதில் வர வேண்டும், வசனம் கூடாது, ஐந்து நிமிடத்துக்குள் இருக்க வேண்டும். வேறு யாராவது என்றால் கொடியைக் காட்டி, கோபுரத்தைக் காட்டி, ஒரு பாட்டைப் போட்டு முடித்திருப்பார்கள். மிஸ் செய்தது வேறு மாதிரி.

படம் தொடங்கும்போது கிள்ளான் ஆற்றுச் சேற்றில் ஒரே ஒரு செம்பருத்தி மொட்டு நிற்கும். அது விரிந்தால் உள்ளே ஒரு புலி சுருண்டு தூங்கும். புலி கொட்டாவி விடும். அந்த வாய்க்குள்ளிருந்து ஏழு பறவைகள், அந்தப் பெரிய அலகு வைத்த இருவாய்ச்சிப் பறவைகள், ஒவ்வொன்றாக வெளியே பறக்கும். சுதந்திரம் கிடைத்த அன்று கை உயர்த்தி ஏழு முறை குரல் கொடுத்தார்களே, அந்த ஏழு குரலும்தான் அந்த ஏழு பறவைகள் என்றார் மிஸ். பிறகு புலியின் உடம்பிலிருந்து கறுப்புக் கோடுகள் நழுவித் தரையில் விழுந்து தண்டவாளம் ஆகிவிடும். கோடில்லாத புலி வெட்கப்பட்டு ஓடும். அதன் பின்னால் ரயில் வரும். ஈயம் தோண்டும் இயந்திரம் வாத்து மாதிரி தத்தித் தத்தி நடக்கும். இரட்டைக் கோபுரம் இரண்டும் பாசாருக்குச் சாமான் வாங்கப் போகிற அக்கா தங்கை போலக் கை கோத்துக்கொண்டு போகும்.

"மிஸ், புலி வாயில இருந்து பறவ வருமா?" என்று ஒரு நாள் கேட்டேன்.

"விளங்கிறது பிறகு, ஆன்டி. முதல்ல கண் விரியவேணும்," என்றார். இதை அவர் எல்லோரிடமும் சொல்வார். கேட்கிற பெரிய அதிகாரிகளிடமும் சொல்வார்.

வேலை நடக்கும் விதத்தைப் பார்ப்பது எனக்கு டிவியைவிட நன்றாக இருந்தது. வரைகிறவர் அந்தச் சீனர்தான். நாங்கள் எல்லோரும் அவரை ஆர்ட்டிஸ்ட் என்போம். முப்பத்தைந்து வயது, ஒரு கைக்குழந்தைக்குத் தகப்பன். என்னோடு மலாயும் இங்கிலீஷும் கலந்து பேசுவார். ஒரு உருவத்தை வரைந்த பிறகு அது வேறு திசையைப் பார்க்க வேண்டுமானால் மறுபடி வரைவதில்லை. ஒரு பொத்தானைத் தட்டினால் போதும், கண்ணாடியில் தெரிவது போல இடம் வலமாகிவிடும். 'ஃபிளிப்' என்பார்கள். படத்தில் பாதிப் பறவைகள் அப்படித் திரும்பியவைதான். ஆனால் கொடியை மட்டும் திருப்பக் கூடாது. கொடியில் பிறையும் நட்சத்திரமும் பக்கம் மாறினால் பெரிய வம்பாகிவிடும். அதனால் ஆர்ட்டிஸ்ட் தன் கம்ப்யூட்டர் ஓரத்தில் ஒரு மஞ்சள் தாளில் 'கொடியைத் திருப்பாதே' என்று மலாயில் எழுதி ஒட்டியிருந்தார். அதைத் தூசி தட்டுவதும் என் வேலையில் ஒன்று.

படத்தை அனுப்ப வேண்டிய வெள்ளிக்கிழமைக்கு முன்னால் வந்த திங்கட்கிழமை, முழுவதையும் முதல் தடவை சுவரில் பெரிதாகப் போட்டுப் பார்த்தார்கள். நான் டீத் தட்டோடு பின்னால் நின்றேன். எல்லாம் எனக்குத் துண்டு துண்டாகத் தெரிந்தவைதான். தெரியாத ஒன்று கடைசிக்குக் கொஞ்சம் முன்னால் வந்தது.

ரப்பர் மரக் காடு. ஏழு மரம். தலையில் துணி கட்டி, இடுப்பில் கொசுவத்தி டின் புகைய, ஒரு பெண் நிற்கிறாள். ரயில் அவளைப் பார்த்து வருகிறது. அவள் மரத்தில் கத்தியை வைத்து இழுக்கிறாள். பால் ஒழுகி, மரத்தில் கட்டிய மங்கில் விழுந்து, மங்கு நிறைந்து, கீழே சிந்தாமல் நேராக வானத்துக்கு எழும்புகிறது. ஏழு மரத்திலிருந்தும் ஏழு வெள்ளைக் கோடு எழும்பி, வானத்தில் குறுக்கே படுக்கிறது. இடையிடையே செம்பருத்தி இதழ்கள் விழுந்து சிவப்புக் கோடு. ஓர் ஓரத்தில் நீலமாக இரவு வந்து ஒட்டிக்கொள்ள, பிறையும் நட்சத்திரமும் வர, வானமே நம் கொடியாகிவிடுகிறது.

நான் தட்டைக் கீழே வைத்துவிட்டேன். அந்தத் தலைத்துணி என் அம்மாவின் தலைத்துணி. அந்தக் கொசுவத்தி டின் என் இடுப்பில் ஏழெட்டு வருஷம் தொங்கிய டின். பதின்மூன்று வயதில் அம்மாவோடு பால் வெட்ட நிரைக்குப் போனவள் நான். தோட்டத்தில் ரப்பரை வெட்டிச் சாய்த்து எண்ணெய்ப்பனை போடும் வரை அந்தக் கத்தி என் கையில்தான் இருந்தது. ஆபீசில் யாரும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. இப்போது ஒரு நாட்டுக் கொடியின் வெள்ளைக் கோடெல்லாம் எங்கள் பால் என்று ஒருத்தி சுவரில் காட்டுகிறாள்.  கொடிக்குக் கீழே படத்துப் பெண் இன்னொரு மரத்தில் கத்தியை வைத்தாள். அப்போதுதான் பார்த்தேன்.

"மிஸ், நிறுத்துங்க. அந்தப் பொண்ணு பீச்சாங்கையால வெட்டுறா."

எல்லோரும் திரும்பினார்கள். ஆர்ட்டிஸ்ட் படத்தை நிறுத்தினார். மிஸ் பார்த்துவிட்டு, "இடக்கைக்காரர் இருப்பினம் தானே, ஆன்டி," என்றார்.

"கை போகட்டும் மிஸ். வெட்டப் பாருங்க. வலது மேல இருந்து இடது கீழ வருது. உலகத்துல எந்த மரத்தையும் அப்படி வெட்ட மாட்டாங்க." என் விரலை டீயில் நனைத்து, பக்கத்திலிருந்த தூணில் கோடு போட்டுக் காட்டினேன். இடது மேலிருந்து வலது கீழே. மரத்துக்குள் பால் ஓடும் நரம்பு நேராக ஏறாது, லேசாக வலப்பக்கம் சாய்ந்து ஏறும். அதை எதிர்த்துக் குறுக்கே அறுத்தால்தான் பால் நிறைய வரும். மாற்றி வெட்டினால் மரத்துக்குக் காயம்தான் மிச்சம். முதல் வாரத்திலேயே அம்மா என் புறங்கையில் ஒரு தட்டுத் தட்டிப் பதிய வைத்தது அது.

ஆர்ட்டிஸ்டுக்குப் புரிந்துவிட்டது. பழைய படம் ஒன்றைப் பார்த்து அவர் சரியாகத்தான் வரைந்திருக்கிறார். ஆனால் ரயில் இடப்பக்கமிருந்து வருவதால் அவள் அந்தப் பக்கம் பார்க்க வேண்டும் என்று பொத்தானைத் தட்டியிருக்கிறார். கொடியைத் திருப்பாதே என்று தாள் ஒட்டியவர், கொடிக்குப் பால் கொடுத்தவளைத் திருப்பிவிட்டார். வேண்டுமென்று செய்யவில்லை. முகம் சிவந்து, "சோரி ஆன்டி," என்றார்.

மிஸ் நின்ற படத்தின் பக்கத்தில் போய்ப் பார்த்தார். பிறகு, "ஆருக்குத் தெரியப்போகுது ஆன்டி? எட்டு செக்கன்," என்றார். சொன்ன தொனியிலேயே அது அவருக்குப் பிடிக்கவில்லை என்று தெரிந்தது.

"எனக்குத் தெரியுது மிஸ்," என்றேன்.

அன்று ரயிலில் உட்கார்ந்து வரும்போது எனக்கு ஒரே பெருமை. மகளிடம் சொன்னேன். காப்பாரில் இருக்கிற டீச்சர் மகளுக்குப் போன் போட்டுச் சொன்னேன். படித்தவர்கள் நாலு பேர் இருக்கிற ஆபீசில், கூட்ட வந்தவள் தப்புக் கண்டுபிடித்தேன் என்று இரண்டு பேரிடமும் இரண்டு விதமாகச் சொன்னேன்.

மறுநாள் காலை போனால், திருத்திய படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். புலி ஓடியது, ரயில் வந்தது, காடு வந்தது. ஏழு மரம் நின்றன. பெண் இல்லை. மரங்கள் தாமாகவே தோல் விரிந்து பால் விட்டன. பால் எழும்பியது, கொடி வந்தது. பார்க்க அழகாகத்தான் இருந்தது. அவள் நின்ற இடத்தில் புல் வரைந்திருந்தார்கள்.

"அவளை மறுபடி வரைய ரெண்டு கிழமை, பதினாலு நாள் வேணும், ஆன்டி. வெள்ளிக்கிழமை குடுக்கவேணும்," என்றார் மிஸ், என் முகத்தைப் பார்க்காமல். "பிழையாக் காட்டிறதவிடக் காட்டாம விடுறது மரியாதை எண்டு நினைச்சன்."

 துடைப்பத்தை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போனேன்.  நான் வாயை மூடிக்கொண்டு இருந்திருந்தால் பீச்சாங்கையாலாவது அவள் வெட்டிக்கொண்டிருந்திருப்பாள். என் அம்மாவை அந்தப் படத்திலிருந்து அழித்தது நானேதான். தப்பைக் கண்டுபிடித்த பெருமையில் ரயிலில் கால் ஆட்டிக்கொண்டு போனவள் நான். அன்று காலை அந்த ஒரு மணி நேரம் மாதிரி நீளமான நேரம் என் வாழ்க்கையில் அதிகம் இல்லை. துடைத்த இடத்தையே துடைத்துக்கொண்டிருந்தேன்.

பதினொரு மணிக்கு டீ நேரம். நான் அடுப்பை மூட்டவில்லை. சமையலறை வாசலில் ஒரு நாற்காலியைப் போட்டு, கையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். பதினொன்றே கால் ஆனது. ஆர்ட்டிஸ்ட் வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போனார். பதினொன்றரைக்கு மிஸ்ஸே வந்தார்.

"ஆன்டி, சுகமில்லையா? டீ?"

"வரும் மிஸ்."

"அடுப்பு நூந்து கிடக்கே?"

"மரம் தானா பால் விடுதுல்ல. டீயும் தானா வரும். உக்காருங்க, சேந்து பாப்போம்."

 மிஸ் சுவரில் சாய்ந்தார். பிறகு சிரிக்கத் தொடங்கினார். சிரித்துக்கொண்டே அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். கண்ணில் தண்ணீர் வரும் வரை சிரித்தார். நான் சிரிக்கவில்லை. எனக்குக் கோபம். ஆனால் அவர் சிரிப்பதைப் பார்த்து என் வாய் ஓரம் இழுத்தது, அதை அடக்க உதட்டைக் கடித்துக்கொண்டேன்.

கண்ணைத் துடைத்துக்கொண்டு அவர் ஒரு விஷயம் சொன்னார். அவருடைய அப்பப்பா, அதாவது அப்பாவின் அப்பா, ஒரு தோட்டத்தில் கிராணியாக இருந்தவராம். அவர்கள் வீட்டுக் கூடத்தில் ஒரு பழைய போட்டோ உண்டாம். அப்பப்பா நடுவில் நாற்காலியில். பின்னால் நாற்பது ஐம்பது பேர் நிற்பார்களாம், தலைத்துணியோடு, வாளியோடு. "சின்னனில நான் ஒவ்வொருத்தராத் தொட்டு, இது ஆர், இது ஆர் எண்டு கேப்பன். கதிரையில இருந்தவரின்ர பேர் மட்டும்தான் வீட்டில தெரியும். ஒவ்வொரு விடியவும் எல்லாற்ற பேரையும் கூப்பிட்டவர் அவர்தான். வீட்டுக்கு ஒரு பேரும் கொண்டுவரேல்ல." அந்தப் பின் வரிசையில் நின்ற ஒருத்தியின் முகத்தைப் பார்த்துத்தான் படத்துப் பெண்ணை வரையச் சொன்னாராம். அதனால்தான் தப்பாக விட மனசில்லை, அதனால்தான் அவளைப் படத்திலிருந்தே எடுத்தேன் என்றார்.

நான் அந்த நாற்காலியிலிருந்து எழுந்திருக்கவில்லை. சிலோன் கிராணி வீட்டுப் பெண் தரையில், நான் நாற்காலியில். அது அப்போது எனக்குத் தோன்றவே இல்லை, பிறகு ரயிலில் வரும்போதுதான் தோன்றியது. அப்போது தோன்றியது வேறு.

"மிஸ், அவளத் திருப்பினதுனாலதான தப்பு வந்துச்சு?"

"ஓம்."

"திரும்பவும் திருப்பிட்டா சரியாயிடும்ல?"

"அவள் சரியாவாள். ஆனா ரயில் அவளின்ர முதுகுப் பக்கத்தால வரும். பாக்கிறவைக்குக் குழம்பும்."

"அப்ப ரயிலத் திருப்புங்க. ரயிலுக்கு ஏது சோத்துக்கை, பீச்சாங்கை?"

மிஸ் என்னைப் பார்த்தபடியே ஆர்ட்டிஸ்டைக் கூப்பிட்டார். அவர் வந்தார், கேட்டார், தலையைச் சொறிந்தார். ரயிலைத் திருப்பினால் தண்டவாளத்தைத் திருப்ப வேண்டும், தண்டவாளத்தைத் திருப்பினால் கோடு உதிர்க்கிற புலியையும் திருப்ப வேண்டும் என்று மலாயில் அடுக்கினார்.

"புலி எந்தக் கையால சோறு திங்குது?" என்று கேட்டேன். மிஸ் அதை அவருக்கு மலாயில் சொன்னார். ஆர்ட்டிஸ்ட் சிரித்துவிட்டு, "கேன் லா, ஆன்டி," என்றார். மிஸ்ஸிடமிருந்து தொற்றிக்கொண்டது.

அதற்குப் பிறகுதான் எழுந்து டீ போட்டேன். அன்றைக்கு இரண்டு தடவை போட்டேன்.

செவ்வாய் பிற்பகல், புதன், வியாழன். புலியைத் திருப்பினார்கள், ரயிலைத் திருப்பினார்கள். வாத்து மாதிரி நடக்கிற ஈய இயந்திரம் ரயிலோடு மோதியது. அதையும் திருப்பினார்கள். புல்லை அழித்தார்கள். வியாழன் நாலு மணிக்கு, நான் பையைத் தோளில் மாட்டும் நேரத்தில், மிஸ் என்னைப் பிடித்து உட்கார வைத்து அந்த இடத்தை மட்டும் போட்டுக் காட்டினார். அவள் வலது கையால் வெட்டினாள். இடது மேலிருந்து வலது கீழே. பால் எழும்பியது. நான் தலையை ஆட்டினேன். மிஸ் அதைப் பார்த்த பிறகுதான் நாற்காலியில் சாய்ந்தார். மறுநாள் படம் போனது. கேட்டு வாங்கிய அலுவலகத்திலிருந்து ஒரே ஒரு கேள்விதான் வந்ததாம், புலி ஏன் கோடில்லாமல் ஓடுகிறது என்று. அதற்கு மிஸ் என்ன பதில் சொன்னார் என்று உங்களுக்குத் தெரியும்.

இப்போது அந்த மாடியில் நகத்துக்குச் சாயம் பூசுகிற கடை இருக்கிறது. படியேறினால் மல்லிகை வாசனைக்குப் பதில் வேறு ஏதோ மூக்கில் ஏறுகிறது. ஆர்ட்டிஸ்ட் வீட்டிலிருந்தே வேலை செய்கிறாராம், அவர் குழந்தை பள்ளிக்கூடம் போகிறது. மிஸ் வெளிநாட்டில் ஒரு பெரிய கம்பெனியில் படம் செய்கிறார். தீபாவளிக்கும் சுதந்திர மாதத்துக்கும் தவறாமல் குரல் செய்தி அனுப்புவார். நான் மறுபடி நாற்காலிக்கும் டிவிக்கும் வந்துவிட்டேன். முழங்கால் மட்டும் இப்போது என்னோடு சமாதானமாக இருக்கிறது.

போன சுதந்திர மாதம் கிள்ளானில் ஒரு திடலில் கொண்டாட்டம். பேச்சுக்கும் நடனத்துக்கும் நடுவில் பெரிய திரையில் அந்தப் படத்தைப் போடப் போகிறார்கள் என்று பேத்தி தெரிந்துகொண்டு வந்து சொன்னாள். குடும்பமே போனோம். பிளாஸ்டிக் நாற்காலி போட்டிருந்தார்கள். கூட்டம் சும்மா இருக்கவில்லை, பிள்ளைகள் ஓடின, பக்கத்தில் யாரோ குச்சியில் கோத்த சாத்தே இறைச்சி சுட்டு விற்றார்கள். புலி வாயிலிருந்து பறவை வந்ததும் பிள்ளைகள் ஓட்டத்தை நிறுத்தினார்கள். இரட்டைக் கோபுரம் கை கோத்து நடந்ததும் எல்லோரும் சிரித்தார்கள். நான் திரையைப் பார்க்கவில்லை. அந்த இடம் வரும்போது ஆட்கள் முகம் எப்படி இருக்கிறது என்று பார்க்கவே வந்தேன்.

காடு வந்தது. பெரும்பாலும் முகங்கள் அப்படியே இருந்தன. பாதிப் பேர் கைப்பேசியைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். எனக்கு இரண்டு வரிசை முன்னால் ஒரு பெண், என் வயதுதான் இருக்கும், வெள்ளை முடி, சின்னக் கொண்டை, சாத்தே தின்றுகொண்டிருந்தார். தின்பதை நிறுத்தினார். குச்சியை மடியில் வைத்தார். அவருடைய வலது கை தானாக எழும்பியது. காற்றில், இடது மேலிருந்து வலது கீழே ஓர் இழுப்பு. திரையில் அந்தப் பெண் அடுத்த மரத்துக்குப் போனாள். இவர் கையும் போனது. ஏழு மரத்துக்கும் போனது.

படம் முடிந்ததும் எழுந்து அவரிடம் போனேன்.

"எந்தத் தோட்டம்க்கா?"

என்னை மேலும் கீழும் பார்த்தார். எப்படித் தெரியும் என்று கேட்கவில்லை. "கோலா சிலாங்கூர் பக்கம். நீங்க?"

"பந்திங்."

"அந்தப் பொண்ணப் பாத்தீங்களா?" என்றார். "சரியா வெட்டுறா. இந்தக் காலத்துப் படம் எடுக்கிறவங்களுக்கு இதெல்லாம் எங்க தெரியப் போவுதுன்னு நெனச்சேன். யாரோ தெரிஞ்சவங்க எடுத்திருக்காங்க."

"ஆமாக்கா," என்றேன். "ஒரு கிராணி வீட்டுப் பேத்தி எடுத்தது."

"கிராணி வீட்டுப் பேத்தியா?" என்று இரண்டு தடவை கேட்டார். பிறகு தன் நாற்காலிக்குப் பக்கத்து நாற்காலியிலிருந்த பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, "உக்காருங்க," என்றார். நடனம் முடியும் வரை பேசிக்கொண்டிருந்தோம். அவர் பெயரைக் கேட்டு வாங்கிக்கொண்டேன். அவருடைய அம்மா பெயரையும் கேட்டேன். மிஸ்ஸிடம் சொல்ல வேண்டுமே.

இவ்வளவுதான். கண்ணு, எழுதியதை இப்போது முதலிலிருந்து படி. வாய்க்குள் படிக்காதே, சத்தமாக, நிறுத்தி நிதானமாகப் படி. மிஸ்ஸுக்குத் தமிழ் பேசத்தான் வரும், வாசிக்க வராது. நீ படிப்பதைப் போனில் பிடித்து அவருக்கு அனுப்பலாம். நான் டீ தராமல் உட்கார்ந்த இடம் வரும்போது சிரிக்காமல் படி, சிரிப்பை அவருக்கு விட்டுவிடு. ம், ஆரம்பி.